மாறுதல் உத்தரவில் ‘பார்வை’ என்ற வரியை முதலில் படியுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

‘தண்ணியில்லாக் காட்டுக்குத் தூக்கியடிச்சிடுவேன்’ என்ற மிரட்டலைக் கேட்காத அரசு ஊழியர் தமிழ்நாட்டில் குறைவு. அந்தக் காடு எது என்று கேட்டால், வெளி மாவட்டத்துக்காரர்கள் பல காலமாகக் கைகாட்டியது நம் தருமபுரியை. இங்கேயே இருப்பவர்கள் அஞ்செட்டியையும் பெட்டமுகிலாளத்தையும் சித்தேரியையும் கைகாட்டுகிறார்கள். தண்டனையாக அனுப்பப்பட்டவருக்கு அந்த ஊரில் மனம் ஒட்டாது. ஒருவர் மருத்துவ விடுப்பில் போகிறார், இன்னொருவர் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போகிறார். பணியிடம் கணக்கில் நிரம்பியிருக்கிறது, நாற்காலி காலியாக இருக்கிறது. சான்றிதழுக்கும் மருந்துக்கும் வாத்தியாருக்கும் மலைக் கிராமம் மாதக்கணக்கில் காத்துக் கிடக்கிறது.

மாறுதல் உத்தரவையோ குற்றச்சாட்டு குறிப்பாணையையோ எதிர்த்து வழக்குக்குப் போகிறவர்களில், நியாயம் தம் பக்கம் இருந்தும் தோற்றுத் திரும்புகிறவர்கள் நிறையப் பேர். உத்தரவு கைக்கு வந்த முதல் இரண்டு வாரத்தில் செய்த பிழைகள்தான் அவர்களைக் கவிழ்க்கின்றன. பொது மாறுதல் பருவம்தோறும் இதே பிழைகள் திரும்பத் திரும்ப நடப்பதால் விவரமாகவே எழுதுகிறோம்.

மாறுதல் என்பது பணி நிபந்தனையோடு சேர்ந்தே வருவது. இந்த ஊரில்தான் இருப்பேன் என்று கேட்க யாருக்கும் உரிமை இல்லை என்று ஷில்பி போஸ் வழக்கில் 1990இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நீதிமன்றம் உள்ளே வர இரண்டு வாசல்தான் உண்டு. கட்டாயமான சட்ட விதி மீறப்பட்டிருக்க வேண்டும், அல்லது உத்தரவுக்குப் பின்னால் தீய உள்நோக்கம் இருக்க வேண்டும். உத்தரவு போட்டவருக்கு அந்த அதிகாரமே கிடையாது என்பது முதல் வாசலில் சேரும். மகள் பத்தாம் வகுப்பு, அம்மாவுக்கு டயாலிசிஸ், மனைவிக்கு இதே ஊரில் வேலை என்பவை எல்லாம் உண்மையான கஷ்டங்கள்தான். ஆனால் அவற்றைத் துறையிடம்தான் வைக்க வேண்டும். ஷில்லாங்கிலிருந்து மாற்றப்பட்ட மத்திய அரசு ஊழியர் எஸ்.எல். அப்பாஸின் வழக்கில், கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்கலாம் என்ற வழிகாட்டு நெறியை அதிகாரி மனதில் கொள்ள வேண்டும், ஆனால் நீதிமன்றம் மூலம் வாங்கித் தரக்கூடிய உரிமை அதில் இல்லை என்று 1993இல் தீர்ப்பானது. மாற்றுத்திறனாளிகளுக்கு மட்டும் சற்று வலுவான பிடி இருக்கிறது. அவர்களது பணியிட நியமனத்துக்கும் மாறுதலுக்கும் அரசு தனிக் கொள்கை வகுக்கலாம் என்று 2016ஆம் ஆண்டு சட்டத்தின் 20(5) பிரிவு சொல்கிறது. கோரிக்கை மனுவில் அதை எண்ணோடு குறிப்பிட வேண்டும்.

இனி உத்தரவுக்கு வருவோம். கைக்கு வந்ததும் எந்த ஊர் என்று தேடுகிற கண், மேலே உள்ளதைத் தாண்டிப் போய்விடுகிறது. ‘செயல்முறைகள்’ எனப்படும் அலுவலக உத்தரவுகள் எல்லாம் ஒரே அச்சில்தான் இருக்கும்: ‘முன்னிலை’ என்று அதிகாரியின் பெயர், ந.க. எண் (கோப்பு எண்), நாள், ‘பொருள்’, அதன் கீழ் உத்தரவுக்கு அடிப்படையான கடிதங்களைச் சுட்டும் ‘பார்வை’ 1, 2, 3. இதில் ‘முன்னிலை’யைப் பார்த்து, இந்த அதிகாரிதான் நம்மை மாற்ற அதிகாரம் உள்ளவரா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பணிமூப்பு மாவட்ட அளவில் வைக்கப்படும் பணியில் இருப்பவரை அடுத்த மாவட்டத்துக்கு, அதாவது வேறு அலகுக்கு, அனுப்பினால் அது வெறும் ஊர் மாற்றமாக நிற்காது, பணிமூப்பே அடிவாங்கும். அனுப்பப்படும் பணியிடம் உங்கள் பதவிக்கு நிகரானதா என்பதையும் இங்கேயே பாருங்கள்.

பிறகு ‘பார்வை’. ‘2. பொதுமக்கள் புகார் மனு, நாள் …’ என்றோ ‘3. இவ்வலுவலகக் குறிப்பாணை, நாள் …’ என்றோ ஒரு வரி இருந்தால், கீழே ‘நிர்வாக நலன் கருதி’ என்று எழுதியிருந்தாலும் உத்தரவின் வேர் அந்தப் புகாரில் இருக்கிறது. போபாலில் பணியாற்றிய மத்திய கலால் துறை அதிகாரி சோமேஷ் திவாரியின் வழக்கு இப்படிப்பட்டதுதான். பெயரில்லாத புகார் ஒன்று வந்தது. விசாரித்தார்கள், குற்றம் எதுவும் தேறவில்லை. ஆனாலும் ஆளை மாற்றினார்கள். தண்டனைக்குப் பதிலாகப் போடப்பட்ட மாறுதல் இது, சட்டத்தின் பார்வையில் இதுவே தீய நோக்கம் என்று உச்ச நீதிமன்றம் 2008 டிசம்பரில் ரத்து செய்தது. இதையே வைத்துக்கொண்டு, புகார் வந்த பின் போட்ட மாறுதல் எல்லாமே செல்லாது என்று நினைத்துவிடக் கூடாது. புகாரை அடுத்து அலுவலகத்தின் அமைதிக்காக ஒருவரை மாற்றலாம், அதற்கு முழு விசாரணை தேவையில்லை என்று ஜனார்தன் தேப்நாத் வழக்கில் 2004இல் அதே நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எந்தப் பக்கம் சாயும் என்பதை உங்கள் கையில் இருக்கும் காகிதம்தான் தீர்மானிக்கும். ‘பார்வை’யில் சுட்டிய மனுவின் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் அன்றே கேளுங்கள். 10 ரூபாய் கட்டணம், 30 நாள் கெடு. மாறுதல் வழக்குக்கு அது தாமதம்தான் என்றாலும், பின்னால் குறிப்பாணை வந்தால் கைகொடுக்கும்.

உள்நோக்கம் என்று எழுதுவது சுலபம், நிரூபிப்பது மிகக் கடினம். தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவே அன்றைய முதல்வர் மீது உள்நோக்கம் சொல்லி, 1973இல் ஐந்து நீதிபதிகள் அமர்வில் தோற்றார். தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்கே எதிரி என்ற புகழ்பெற்ற கோட்பாட்டை நாட்டுக்குத் தந்த தீர்ப்பு அது. மனுதாரருக்கோ எதுவும் கிடைக்கவில்லை. நடைமுறையில் நடக்கிற தவறு இன்னொன்று. உள்நோக்கம் யாருக்கு இருந்தது என்கிறீர்களோ, அவரைப் பதவிப் பெயரோடு நிறுத்தாமல் சொந்தப் பெயரிலேயே எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். சேர்க்காவிட்டால் அந்தக் குற்றச்சாட்டை நீதிமன்றம் கண்டுகொள்ளாது. எந்தத் தேதியில் என்ன நடந்தது, அதற்கு என்ன காகிதம் இருக்கிறது என்று பிரமாணப் பத்திரத்தில் வரிசையாக வர வேண்டும். வென்ற வழக்கு ஒன்றையும் சொல்கிறோம். இந்தூரில் இருந்த பெண் வங்கி அதிகாரி ஒருவர், மதுபான ஒப்பந்ததாரர்களின் கணக்குகளில் முறைகேடு நடப்பதாக எழுத்தில் புகார் செய்தார், பாலியல் தொல்லை பற்றியும் சொன்னார். அவரை ஜபல்பூர் மாவட்டத்தில், அவரைவிடக் கீழ்நிலை அதிகாரி இருக்க வேண்டிய கிளைக்கு அனுப்பினார்கள். துர்கேஷ் குவார் வழக்கு என்று அறியப்படும் அதில், 2020இல் உச்ச நீதிமன்றம் மாறுதல் செல்லாது என்றதோடு 50,000 ரூபாய் செலவுத்தொகையும் தரச் சொன்னது. மாறுதலுக்கு முன்பே தேதியோடு எழுதப்பட்ட புகார்களும், பதவிக்குப் பொருந்தாத பணியிடமும் அந்த வழக்கைத் தாங்கி நின்றன.

இனி அதிகம் பேர் விழுகிற பள்ளம். உத்தரவு வந்ததும் அதை வாங்காமல் வீட்டுக்குப் போவது, தபால்காரர் கொண்டுவருவதை மறுப்பது, மருத்துவச் சான்றோடு படுத்துக்கொள்வது. குஜராத் மின்வாரிய ஊழியர் ஆத்மாராம் போஷானி 1974இல் சூரத்திலிருந்து உக்காய்க்கு மாற்றப்பட்டார். விடுவித்துவிட்டார்கள், அவர் போய்ச் சேரவில்லை. மேலிடத்துக்கு மனு கொடுத்திருக்கிறேன் என்றார், கடிதம் கிடைக்கவில்லை என்றார். அஞ்சல் உறையில் ‘பெற மறுத்தார்’ என்ற குறிப்பு இருந்தது. அப்படித் திரும்பிய தபால் சேர்ந்ததாகவே கொள்ளப்படும் என்றது உச்ச நீதிமன்றம். மனு கொடுக்கலாம், ஆனால் உத்தரவு நிறுத்தப்படாத வரை போய்ச் சேர்ந்துதான் ஆக வேண்டும், சேராவிட்டால் ஒழுங்கு நடவடிக்கைக்கு ஆளாக வேண்டும் என்று 1989இல் தீர்ப்பானது. வேலை போனது போனதுதான். நியாயமான மாறுதல் வழக்கு ஒன்று, பணிக்கு வராமல் இருந்த குற்றமாக மாறிப்போவது இந்த இடத்தில்தான். மருத்துவ விடுப்பு என்றால் துறை மருத்துவக் குழுவுக்கு அனுப்பும். உடம்பு நன்றாக இருக்கிறது என்று குழு எழுதிவிட்டால், அதுவரை போன நாட்கள் எல்லாம் அனுமதியற்ற வராமை ஆகி, பெருந்தண்டனைக்கான ‘17(ஆ)’ குறிப்பாணை வீடு தேடி வரும். நிஜமாகவே நோயாளியாக இருப்பவர் சிகிச்சைக் குறிப்பு, ஸ்கேன், மருந்துச் சீட்டு எல்லாவற்றையும் தேதி வாரியாக வைத்திருக்க வேண்டும்.

போய்ச் சேருவதால் வழக்குரிமை போய்விடாது. பணியேற்பு அறிக்கையில், ‘எனது … நாளிட்ட கோரிக்கை மனு மீதான முடிவுக்கு உட்பட்டுப் பணியேற்கிறேன்’ என்று ஒரு வரி எழுதுங்கள். கிளம்பும் முன் பொறுப்பு ஒப்படைப்புப் பட்டியலை இரண்டு பிரதியாகத் தயாரியுங்கள்: தன்பதிவேடு, நிலுவைக் கோப்புகள் எண் வாரியாக, ரொக்கப் பதிவேட்டின் அன்றைய இருப்பு, இருப்புப் பதிவேடு, பீரோ சாவி. பொறுப்பேற்பவர் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்திட வேண்டும். ஆத்திரத்தில் சாவியை மேசையில் வைத்துவிட்டுப் போனவருக்கு, மூன்று வருஷம் கழித்து ‘கோப்பு காணவில்லை’ என்று குறிப்பாணை வரும்போது சொல்ல எதுவும் இருக்காது.

கோரிக்கை மனுவை உரிய வழியாக அனுப்புங்கள். முன்நகலை மேலதிகாரிக்கு விரைவஞ்சலில் போட்டு ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பக்கம், மிஞ்சினால் ஒன்றரைப் பக்கம் போதும். விதி எது, தேதி எது, என்ன கேட்கிறீர்கள் என்பது தெரிந்தால் சரி. அதில் ஒரு வாசகத்தைத் தவிருங்கள்: ‘இந்த இடம் வேண்டாம், பாலக்கோட்டிலோ காரிமங்கலத்திலோ வேறு எங்காவது போட்டுத் தாருங்கள்’ என்று எழுதுவதை. அதை வைத்தே அடுத்த உத்தரவை ‘விருப்ப மாறுதல்’ என்று போட்டுவிடுவார்கள். பயணப்படி கிடையாது, பணியேற்பிடைக் காலமும் (புது இடத்தில் சேரத் தரும் நாட்கள்) கிடையாது. அலகு மாறினால் பணிமூப்பில் கடைசிக்குத் தள்ளப்படுவீர்கள். கேட்க வேண்டியது மாறுதலை ரத்து செய்யும்படி மட்டுமே.

தருமபுரி, கிருஷ்ணகிரி இரண்டுமே சென்னை முதன்மை அமர்வின் எல்லைக்குள் வருகின்றன. மதுரைக் கிளை நமக்கு இல்லை. மாநில அரசு ஊழியர் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் பிரிவில் நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். மத்திய அரசு ஊழியர் சென்னையில் உள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் முதலில் போக வேண்டும். அங்கே முதலில் துறை மேல்முறையீட்டை முடித்திருக்க வேண்டும். அது 6 மாதம் கிடப்பில் கிடந்தால், பதில் வராவிட்டாலும் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். பொதுவாக ஒரு வருஷக் கெடு. ரிட் மனுவில் நீதிபதி கேட்கும் முதல் கேள்வி ‘விடுவித்தாகிவிட்டதா? அந்த இடத்தில் யாராவது சேர்ந்தாகிவிட்டதா?’ என்பதாகவே இருக்கும். இரண்டுக்கும் ஆமாம் என்றால் இடைக்காலத் தடை கிடைப்பது அரிது. உங்கள் இடத்துக்கு வந்தவரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும்.

பெரும்பாலான மனுக்கள் ‘கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து உத்தரவிடுக’ என்று முடிகின்றன. ஊரில் இதை ‘ஜெயித்தாச்சு’ என்று பேசிக்கொள்கிறார்கள். ‘பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலவில்லை’ என்று நாலு வரியில் நிராகரித்துவிட்டால் அந்த வழக்கு அங்கேயே முடிந்தது. அதனால் அந்த உத்தரவின் நகலோடு, ஒவ்வொரு கோரிக்கைக்கும் காரணம் சொல்லும்படி புதிய மனு ஒன்றைக் கொடுக்க வேண்டும். காரணம் சொல்லாத நிராகரிப்பு அடுத்த மனுவுக்கு நல்ல அடித்தளம். கெடு கடந்தும் பதில் வரவில்லை என்றால் அவமதிப்பு மனு உண்டு. அதற்கு ஒரு வருஷம்தான் அவகாசம். தனி நீதிபதியிடம் தோற்றால் இரு நீதிபதி அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்ய 30 நாள்.

ஒழுங்கு நடவடிக்கைக்கு வருவோம். இதைப் பற்றித்தான் அதிகம் சொல்ல வேண்டியிருக்கிறது. தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளில் 17(அ) சிறு தண்டனைக்கு, 17(ஆ) பெருந்தண்டனைக்கு. கண்டனம், ஊதிய உயர்வை நிறுத்துவது போன்றவை முதலாவதில். பதவியிறக்கம், கட்டாய ஓய்வு, பணிநீக்கம், பணியறவு இரண்டாவதில். 17(ஆ) குறிப்பாணையோடு நான்கு இணைப்புகள் வரும். குற்றச்சாட்டுகள், அவற்றின் அடிப்படை விவரம், ஆவணப் பட்டியல், சாட்சிப் பட்டியல். நான்காவது இணைப்பு ‘இல்லை’ என்று வந்தால் சந்தோஷப்பட்டு விட்டுவிடாதீர்கள். ஆவணத்தை எழுதியவர் அதைச் சாட்சியாக வந்து சொல்லி, குறுக்கு விசாரணைக்கு நிற்காதவரை அது நிரூபணம் ஆகாது. ரூப் சிங் நேகி வழக்கில், காவல்துறை முதல் தகவல் அறிக்கையையும் அங்கே கொடுத்ததாகச் சொல்லப்பட்ட ஒப்புதல் வாக்குமூலத்தையும் மட்டும் வைத்து வங்கி ஊழியரை நீக்கியது நிற்கவில்லை. அந்தத் தீர்ப்பை விளக்கத்திலேயே சுட்டலாம்.

குறிப்பாணை வந்ததும் அதையே ரத்து செய்யக் கேட்டு ஓடுவது அடுத்த பிழை. குறிப்பாணை என்பது தண்டனை ஆகாது, விளக்கம் கேட்கும் கட்டம்தான், இப்போதே நீதிமன்றம் வரத் தேவையில்லை என்பது 2006இல் குனிசெட்டி சத்தியநாராயணா வழக்கில் உறுதியானது. விதிவிலக்கு மூன்று சொல்லலாம். அதிகாரமில்லாதவர் கொடுத்தது ஒன்று. அகில இந்தியப் பணி அதிகாரி ஒருவர் மீதான குறிப்பாணைக்கு ஒழுங்கு நடவடிக்கை அதிகாரியின் ஒப்புதல் பெறப்படவில்லை என்பதால், தமிழ்நாட்டு வழக்கிலேயே 2018இல் அது இல்லாததாகக் கருதப்பட்டது. அடுத்தது, குற்றச்சாட்டை அப்படியே ஏற்றுக்கொண்டாலும் அது தவறே ஆகாத நிலை. மூன்றாவது, விளக்கமில்லாத நீண்ட தாமதம். தமிழ்நாடு வீட்டுவசதி வாரியத்தில் பணியாற்றிய பி.வி. மகாதேவன் மீது 1990இல் நடந்ததாகச் சொன்ன செயலுக்கு 2000இல் குறிப்பாணை கொடுத்தார்கள். 10 வருஷத் தாமதத்துக்கு வாரியத்தால் காரணம் சொல்ல முடியவில்லை. உச்ச நீதிமன்றம் 2005இல் ரத்து செய்தது. ஓய்வு பெற்றவர் மீது புதிதாக நடவடிக்கை தொடங்குவதென்றால், ஓய்வூதிய விதி 9இன்படி 4 வருஷத்துக்கு மேற்பட்ட பழைய நிகழ்வைத் தொடவே முடியாது.

மற்ற எல்லாருக்கும் வழக்கின் உயிர் விளக்கத்தில்தான் இருக்கிறது. பெரும்பாலும் 15 நாள் கொடுப்பார்கள். முதல் மூன்று நாளுக்குள் ஆவணங்களைப் பார்வையிடவும் நகல் எடுக்கவும் எழுத்தில் கேளுங்கள், அதற்கேற்ப அவகாசமும் கேளுங்கள். கேட்டதும் மறுத்ததும் காகிதத்தில் இருக்க வேண்டும். ‘மன்னித்து நடவடிக்கையைக் கைவிடும்படி’ என்று முடிப்பது நம் ஊர்ப்பக்கம் வழக்கமாகிவிட்டது. பணிவுக்காக எழுதிய அந்த ஒரு வரியை, குற்றத்தை ஒப்புக்கொண்டார் என்று விசாரணை அறிக்கையில் எடுத்துப் போட்டுவிடுவார்கள். ஒவ்வொரு குற்றச்சாட்டையும் எண் போட்டு மறுக்க வேண்டும். வாய்மொழி விசாரணை வேண்டும் என்று தெளிவாகச் சொல்ல வேண்டும். சில துறைக் கோப்புகளில் விசாரணை தொடங்கும் முன்பே ஊழியரை ‘அபச்சாரி’ என்று குறிப்பிடுகிறார்கள். நிரூபிக்காமலே ஒருவரைத் தப்பானவர் என்று அழைப்பது எங்களுக்கு உறுத்துகிறது. விளக்கத்தில் அதற்கும் ஒரு வரி ஆட்சேபம் எழுதலாம்.

விசாரணை நாளன்று கவனிக்க வேண்டியது வரிசை. துறை தரப்புச் சாட்சிகள் முதலில், ஒவ்வொருவருக்கும் உங்கள் குறுக்கு விசாரணை, பிறகு உங்கள் சாட்சிகள், கடைசியில் எழுத்து வடிவ வாதம். நடப்பதோ வேறு. ஊழியரை முதலில் உட்காரவைத்து, ‘இந்தக் கையெழுத்து உங்களுடையதா? பணம் ஏன் குறைந்தது?’ என்று விசாரணை அலுவலரே கேள்வி பதிலாக எழுதிக்கொண்டு, சாட்சியே இல்லாமல் முடித்துவிடுகிறார்கள். விசாரணை அலுவலர் துறையின் வக்கீல் ஆகக் கூடாது. சரோஜ் குமார் சின்ஹா வழக்கு (2010) அதைத்தான் சொல்கிறது. அந்தக் கேள்வி பதில் தாளில் கையெழுத்திடும்போதே ‘சாட்சிகளை விசாரிக்கும் முன் என்னிடம் கேட்கப்பட்டது, ஆட்சேபத்துடன்’ என்று உங்கள் கைப்பட எழுதிவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். அன்று எழுதாததை உயர் நீதிமன்றத்தில் சொன்னால் பின்னால் யோசித்த கதை என்பார்கள். பிறகு விசாரணை அறிக்கையின் நகல் கைக்கு வந்தே ஆக வேண்டும். 1993இல் கருணாகர் வழக்கில் அரசமைப்பு அமர்வு சொன்னது இது. நகல் தராததால் என்ன பாதிப்பு என்பதையும் நீங்கள்தான் காட்ட வேண்டும்.

பணியிடை நீக்கத்தில் சாப்பாட்டுப் பிரச்சினை உடனே வந்துவிடும். நம் கிருஷ்ணகிரிக்கு எல்லை தாண்டினால் கோலார் தங்கவயல். அங்கே பாதுகாப்பு அதிகாரியாக இருந்த பால் அந்தோணியின் வீட்டில் 1985இல் சோதனை நடத்தி, தங்கம் சிக்கியதாகச் சொல்லி அவரைப் பணியிடை நீக்கம் செய்தார்கள். பணியிடை நீக்கக் காலத்தில் தர வேண்டிய பிழைப்பூதியம் தரவில்லை. கேரளத்தில் இருந்த அவரிடம் விசாரணைக்கு வரக் காசில்லை. அவர் இல்லாமலே விசாரணையை முடித்து 1986இல் வேலையை விட்டு நீக்கினார்கள். அதே சோதனையை நம்பித்தான் குற்ற வழக்கும் நடந்தது. அதில் 1987இல் விடுதலை ஆனார். உச்ச நீதிமன்றம் 1999இல் நீக்கத்தை ரத்து செய்தது. ஆகவே பிழைப்பூதியம் நிற்கும் மாதம்தோறும் எழுத்தில் கேளுங்கள். வேறு வேலை எதுவும் பார்க்கவில்லை என்ற சான்றையும் மாதம்தோறும் கொடுங்கள்; அது இல்லை என்பதையே காரணமாகச் சொல்லி நிறுத்துகிறார்கள். 3 மாதத்துக்குள் குறிப்பாணை தராவிட்டால் பணியிடை நீக்கம் நீடிக்கக் கூடாது என்று அஜய் குமார் சவுத்ரி வழக்கில் 2015இல் வந்தது உண்மை. ஆனால் 3 மாதம் முடிந்ததும் அது தானாகவே செத்துவிடாது, வழக்குக்கு வழக்கு பார்க்க வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 2022இல் சொல்லிவிட்டது. பழைய தீர்ப்பின் ஒற்றை வரியை நம்பி 91ஆம் நாள் அலுவலகத்துக்குப் போய் நிற்காதீர்கள்.

தண்டனை உத்தரவில் ஒரே ஒரு சொல் பல லட்சத்தைத் தின்னும். ஊதிய உயர்வு நிறுத்தம் ‘தொடர் விளைவின்றி’ என்றால் தண்டனைக் காலம் முடிந்ததும் ஊதியம் பழைய நிலைக்கு வரும். ‘தொடர் விளைவுடன்’ என்றால் ஓய்வூதியம் வரை துரத்தும். அது பெருந்தண்டனைக்குச் சமம், முறையான விசாரணை இல்லாமல் தர முடியாது என்று குல்வந்த் சிங் கில் வழக்கு 1990லேயே முடிவு செய்தது. 17(அ)வில் விளக்கம் மட்டும் வாங்கிக்கொண்டு ‘தொடர் விளைவுடன்’ என்று உத்தரவு வந்தால் அங்கேயே பிடிக்கலாம். துறை மேல்முறையீட்டை இரண்டு மாதத்துக்குள் போட்டுவிடுவது பாதுகாப்பு. நீதிமன்றம் சாட்சியத்தை மறுபடி எடைபோடாது. நடைமுறை சரியா, தண்டனை மனசாட்சியை உலுக்கும் அளவுக்கு மிஞ்சியதா என்று மட்டும் பார்க்கும். விசாரணைக்குத் தடை வாங்கி வருஷக்கணக்கில் கிடப்பில் போடுகிறவர்களுக்கு ஒன்று: நடவடிக்கை நிலுவையோடு ஓய்வு பெற்றால் தற்காலிக ஓய்வூதியம்தான், பணிக்கொடை நிறுத்தப்படும். 6 மாதத்துக்குள், அதிகபட்சம் ஒரு வருஷத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்று பிரேம்நாத் பாலி தீர்ப்பு (2015) சொல்வதை வைத்து, சீக்கிரம் முடிக்கச் சொல்லிக் கேட்பதே பலருக்கும் லாபம்.

ஓசூர் ஆலைத் தொழிலாளர்களுக்கும் கொஞ்சம் சொல்ல வேண்டும். அங்கே முதலில் எடுக்க வேண்டியது பணி நியமனக் கடிதம். வேறு ஊருக்கு மாற்றலாம் என்ற நிபந்தனை அதிலும் ஆலையின் பணி விதிகளான நிலையாணையிலும் இல்லாவிட்டால், பிறகு தொடங்கிய வேறு ஆலைக்கு அனுப்ப நிர்வாகத்துக்கு இயல்பாக உரிமை வந்துவிடாது. உத்தரப் பிரதேசத்தின் அம்ரோஹா சர்க்கரை ஆலைத் தொழிலாளர்கள் புலந்த்சாகர் ஆலைக்குப் போக மறுத்து வேலை இழந்தபோது, குந்தன் சுகர் மில்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அவர்கள் பக்கம் நின்றது. நிபந்தனை இருந்தால் போஷானியின் கதைதான். 2025 நவம்பர் 21 முதல் தொழில் தகராறு சட்டத்தின் இடத்துக்குத் தொழிலுறவுச் சட்டத்தொகுப்பு வந்துவிட்டதால், பழைய பிரிவு எண்களை நம்பி மனு எழுதக் கூடாது. தீய நோக்கோடு தொழிலாளியை ஊர் மாற்றுவது முறையற்ற தொழில் நடவடிக்கை என்பது புதிய தொகுப்பின் இரண்டாம் அட்டவணையிலும் இருக்கிறது. வேலைநீக்கத்தை எதிர்க்க முன்பு 3 வருஷம் இருந்தது, இப்போது 2 வருஷம்தான். பணியிடை நீக்கத்தில் இருக்கும் தொழிலாளிக்கு 1981ஆம் ஆண்டின் தமிழ்நாடு பிழைப்பூதியச் சட்டம் முதல் 90 நாளுக்கு 50 விழுக்காடு, அடுத்த 90 நாளுக்கு 75, அதன் பின் முழு ஊதியம் என்று வகுத்திருக்கிறது. இது தெரியாமல் சொந்த ஊருக்கு மூட்டை கட்டிய பையன்கள் அதிகம்.

துறை அதிகாரிகளிடம் ஒரு கோரிக்கை. தவறு செய்தவர் மீது 17(அ)வோ 17(ஆ)வோ எடுங்கள், விசாரித்துத் தண்டியுங்கள். அதைச் செய்யச் சோம்பி, ‘நிர்வாக நலன்’ என்று எழுதி மலைக்கு அனுப்பாதீர்கள். பெட்டமுகிலாளத்திலும் சித்தேரியிலும் உள்ள பணியிடங்களைச் சுழற்சியில், இத்தனை வருஷம் என்று முன்கூட்டியே சொல்லி, முடிந்ததும் விரும்பிய ஊர் தருவதாக எழுத்தில் கொடுத்து நிரப்புங்கள். அந்தப் பட்டியலை மாறுதல் பருவத்துக்கு முன்பே மாவட்ட அலுவலக அறிவிப்புப் பலகையில் ஒட்டுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற அமைச்சுப் பணியாளர்கள் சிலர்,
தருமபுரி.